யாரும் கேட்காத பேச்சு: தர்மசேன பத்திராஜவின் சினிமா பற்றிச் சில குறிப்புகள்

1

சோசலிசத்துக்குப் பிந்தைய சமூகம் என்று யாராவது பேச ஆரம்பித்தாலே நமக்கு பெர்லின் சுவர்தான் ஞாபகம் வருகிறது. 1989 நவம்பரில் சுவர், 1991 டிசம்பரில் சோவியத் யூனியன். அதற்குப் பிறகு பத்து வருடம் தமிழ்ச் சிறுபத்திரிகைகளில் நடந்த சண்டைகள் வாசகர்களுக்குத் தெரியும். பெருங்கதையாடல்கள் முடிந்துபோயின என்றார்கள். வர்க்கம் என்ற சொல் இருந்த நாற்காலியில் அடையாளம் என்ற சொல் வந்து உட்கார்ந்தது. ஏற்றவர்களும் எதிர்த்தவர்களும் ஒரு விஷயத்தில் மட்டும் உடன்பட்டிருந்தார்கள்: நடந்தது எங்கோ ஐரோப்பாவில், நமக்கு வந்து சேர்ந்தது அதன் செய்தி மட்டுமே. 'சோவியத் நாடு' பத்திரிகையின் வழவழப்பான தாளைப் பாடப்புத்தகத்துக்கு அட்டை போட்ட தலைமுறை நான். மாஸ்கோவில் அச்சான தமிழ்ப் புத்தகங்கள் வருவது நின்றுபோனபோதுதான் எங்களுக்கெல்லாம் ஏதோ முடிந்துவிட்டது என்று உறைத்தது.

இந்தப் பொதுப்புத்தியைக் கொஞ்சம் கலைத்துப் பார்க்க வேண்டும் என்று நினைக்கிறேன். தமிழ் பேசுகிற மக்களில் லட்சக்கணக்கானவர்கள் சோசலிசம் என்று தன்னைச் சொல்லிக்கொண்ட ஓர் ஆட்சியின் கீழ் ஏழு வருடம் வாழ்ந்து, அது சரிந்ததையும் நேரில் பார்த்திருக்கிறார்கள். பெர்லினுக்குப் பன்னிரண்டு வருடம் முன்னால், 1977ல், இலங்கையில். அந்தச் சரிவை, சரிந்துகொண்டிருக்கும்போதே படம் பிடித்தவர் என்று ஒருவரைச் சொல்ல வேண்டுமென்றால் சிங்களத் திரைப்பட இயக்குநர் தர்மசேன பத்திராஜவைத்தான் (1943-2018) சொல்ல வேண்டும். அவர் தமிழில் ஒரு படமும் எடுத்திருக்கிறார். இருந்தும் தமிழ்நாட்டில் அவர் பெயரைச் சொன்னால் 'யார் அது?' என்றுதான் கேட்பார்கள். அந்தக் கேள்விக்கான பதிலாகவே இக்கட்டுரையை எடுத்துக்கொள்ளலாம்.

எனக்குச் சிங்களம் தெரியாது. நான் இருப்பது கொடைக்கானல் மலையில் பள்ளங்கியில். வில்பட்டியைத் தாண்டி, அடுக்கடுக்காகப் பூண்டும் பீன்ஸும் உருளைக்கிழங்கும் போடுகிற ஊர். இங்கே உட்கார்ந்துகொண்டு சிங்களப் படம் பற்றி எழுதுகிற துணிச்சல் எனக்கு எப்படி வந்தது என்று கேட்டால், எங்கள் வீட்டுக்கு இரண்டு வீடு தள்ளி இருக்கிற அம்மாயியால்தான். ஊரில் அவருக்கு 'சிலோன்காரம்மா' என்று பெயர். ஹட்டன் பக்கம் ஒரு தேயிலைத் தோட்டத்து லயத்தில் பிறந்து வளர்ந்தவர். 1979ல் தலைமன்னாரில் கப்பலேறி ராமேஸ்வரம் வந்து, மண்டபம் முகாமில் இருந்து, அங்கிருந்து இந்த மலைக்கு மரப்பட்டை உரிக்கும் வேலைக்குக் கூட்டி வரப்பட்டவர். பத்திராஜவின் படங்கள் சிலவற்றை ஒரு நண்பர் பென்டிரைவில் கொண்டுவந்து தந்தார். ஆங்கில எழுத்துக்களை வைத்துக்கொண்டு தடவித் தடவி நான் பார்த்துக்கொண்டிருந்தபோது, மோர் வாங்க வந்த அம்மாயி வாசலிலேயே நின்றுவிட்டார். 'இது சிங்களமில்ல?' என்றார். அதற்குப் பிறகு படங்களை இரண்டு பேருமாகச் சேர்ந்துதான் பார்த்தோம்.

2

படங்களுக்குப் போவதற்கு முன் காலத்தைச் சொல்லியாக வேண்டும். இல்லாவிட்டால் படங்கள் வெறும் கதைகளாகத் தெரியும்.

1970ல் இலங்கையில் ஐக்கிய முன்னணி ஆட்சிக்கு வந்தது. சிறிமாவோ பண்டாரநாயக்கவின் சுதந்திரக் கட்சியோடு ட்ராட்ஸ்கியவாதிகளான லங்கா சமசமாஜக் கட்சியும் கம்யூனிஸ்ட் கட்சியும் சேர்ந்த கூட்டணி. ட்ராட்ஸ்கியவாதிகள் மந்திரிகளாக உட்கார்ந்த நாடு உலகத்தில் வேறெங்கும் இல்லை என்று அப்போது பெருமையாகப் பேசினார்கள். மறு வருடமே, 1971 ஏப்ரலில், தாய்மொழியில் படித்து வேலை கிடைக்காத கிராமத்துச் சிங்கள இளைஞர்கள் ஜனதா விமுக்தி பெரமுனவின் பின்னால் ஆயுதம் ஏந்தினார்கள். அரசு ஆயிரக்கணக்கில் கொன்றது. 1972ல் குடியரசு அரசியலமைப்பு வந்தது. அதை வடிவமைத்தவர் சமசமாஜக் கட்சித் தலைவர் கொல்வின் ஆர். டி சில்வா. ஒரே மொழி என்று பிடிவாதம் பிடித்தால் நாடு இரண்டாகும் என்று 1950களில் எச்சரித்த அதே மனிதர்தான் சிங்களத்துக்கும் பௌத்தத்துக்கும் முதலிடம் தந்த சாசனத்தை எழுதிக் கொடுத்தார். இடதுசாரி இயக்கங்களின் வரலாற்றில் இதுபோல ஒரு கையெழுத்து வேறு எங்காவது உண்டா என்று தெரியவில்லை.

1972லும் 1975லும் நிலச் சீர்திருத்தச் சட்டங்கள். தேயிலைத் தோட்டங்கள் நாட்டுடைமையாயின. புத்தகத்தில் படித்தால் இது சோசலிச நடவடிக்கை. லயத்திலிருந்து பார்த்தால் எப்படி இருந்தது? அம்மாயி சொன்னது இது:

'தொரைமாரெல்லாம் போயிட்டாங்க, இனிமே தோட்டம் அரசாங்கத்துதுன்னு பெரட்டுக்களத்துல சொன்னாங்க தம்பி. நாங்களும் கை தட்டுனோம். அப்புறம் பாத்தா அரிசி இல்ல, மாவு இல்ல. பாணுக்கு விடியக்காலம் வரிசை. பக்கத்து லயத்துல கெழவனுக பசியில செத்தானுக. சோசலிசம்னா என்னான்னு எனக்குத் தெரியாது. அந்த வருசத்துக்குப் பேரு எங்க தோட்டத்துல பஞ்சம்.'

1973-74ல் தோட்டங்களில் பட்டினிச் சாவுகள் நடந்தன என்பது பதிவான விஷயம். 1977 மே மாதம் தோட்ட நிலத்தைப் பிரித்துக் கொடுப்பதை எதிர்த்த போராட்டத்தில் டெவன் தோட்டத்தில் போலீஸ் சுட்டு சிவனு லெட்சுமணன் இறந்தார். ஜூலையில் தேர்தல். சமசமாஜக் கட்சிக்கும் கம்யூனிஸ்ட் கட்சிக்கும் ஒரு இடம்கூடக் கிடைக்கவில்லை. ஜே.ஆர். ஜெயவர்த்தனவின் ஐக்கிய தேசியக் கட்சி ஆறில் ஐந்து பங்கு பலத்தோடு வந்தது. ஆகஸ்டில் தமிழர்கள் மீது வன்முறை. பிறகு திறந்த பொருளாதாரம். 1978ல் புதிய அரசியலமைப்பு. அதில்தான் நாட்டுக்கு 'இலங்கை ஜனநாயக சோசலிசக் குடியரசு' என்று பெயர் வைத்தார்கள். அதாவது சோசலிசம் ஆட்சியிலிருந்து போன பிறகுதான் பெயர்ப்பலகையில் ஏறியது. இன்றைக்கும் அந்தப் பெயர்தான்.

3

பத்திராஜ கண்டியில் பிறந்தவர். பேராதனைப் பல்கலைக்கழகத்தில் சிங்களம் படித்தவர். சினிமாவைப் பள்ளியில் போய்க் கற்றுக்கொள்ளவில்லை. பின்னாளில் ஆஸ்திரேலியாவின் மோனாஷ் பல்கலைக்கழகத்தில் ரித்விக் கட்டக், சத்யஜித் ராய், மிருணாள் சென் ஆகியோரின் வங்காள சினிமா பற்றி ஆய்வு செய்து முனைவர் பட்டம் பெற்றார். கடைசிவரை தன்னை இடதுசாரி என்றே சொல்லிக்கொண்டவர். இதை ஏன் சொல்கிறேன் என்றால், இடதுசாரிகளின் தோல்வியைப் பற்றிப் படம் எடுப்பவர்கள் பெரும்பாலும் வெளியே நின்று சிரிப்பவர்களாகவோ, உள்ளே இருந்து விலகியபின் கசப்பைக் கொட்டுபவர்களாகவோ இருப்பதைப் பார்க்கிறோம். இவர் உள்ளேயே நின்றுகொண்டு பார்த்தார்.

முதல் முழுநீளப் படம் 'அஹஸ் கவ்வ' (1974). 'ஒரு காத வானம்' என்று தமிழில் சொல்லலாம். வேலையில்லாத இளைஞர்கள் சிலர் கொழும்புத் தெருக்களில் அலைகிறார்கள். 1971 கிளர்ச்சி பற்றிப் படம் நேரடியாகப் பேசுவதில்லை. ஆனால் அது முடிந்து மூன்று வருடத்தில் வந்த படம் என்பதை மனசில் வைத்துக்கொண்டால், இந்த இளைஞர்களின் சும்மா இருத்தல் வேறு மாதிரித் தெரிய ஆரம்பிக்கும். இவர்கள் ஆயுதம் எடுக்காதவர்கள், அல்லது எடுத்தவர்களின் தம்பிமார். இவர்கள் பேரால் ஆட்சி நடக்கிறது. ஆட்சிக்கும் இவர்களுக்கும் ஒரு பேச்சுவார்த்தையும் இல்லை.

அதுவரை சிங்களக் கலைப்படம் என்றால் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் படங்கள்தான். கிராமம், சிதைகிற பெரிய வீடு, மனிதமுகங்களின் மேல் மெல்ல நகரும் காமிரா. அந்த அழகுணர்ச்சியைப் பத்திராஜ மதித்தார், ஆனால் தொடரவில்லை. அவருடைய காமிரா தெருவுக்கு வந்தது. காட்சிகள் ஒன்றோடொன்று ஒட்டாமல் நிற்கும். கதாநாயகன் என்று ஒருவனைப் பிடித்துக்கொண்டு போக முடியாது. கூட்டாளிகள் சேர்ந்து திரிவார்கள், எதையோ செய்யப் போவார்கள், அது நடக்காது. நாம் பழகிய கதைக்கு இது சோதனையாகத் தெரியலாம். எனக்கு இது அந்தக் காலத்தின் உண்மையான அமைப்பாகத்தான் படுகிறது. அடுத்து என்ன என்ற கேள்விக்குப் பதில் இல்லாத சமூகத்தின் கதையை, அடுத்து அடுத்து என்று நகர்கிற கதைசொல்லலில் எப்படிச் சொல்வது?

4

1978ல் வந்த 'பம்பரு அவித்' (குளவிகள் வந்துவிட்டன) அவருடைய படங்களில் அதிகம் பேசப்பட்டது. கல்பிட்டிப் பக்கத்து மீனவக் கிராமம். அங்கே அன்டன் என்ற முதலாளியின் கையில் கடலும் கடனும் இருக்கின்றன. கொழும்பிலிருந்து விக்டர் என்ற இளைஞன் தன் கூட்டாளிகளோடு மீன் வியாபாரத்துக்கு வருகிறான். பழைய முதலாளிக்கும் புது முதலாளிக்கும் மோதல். ஊர்ப்பெண் ஹெலன் மேல் விக்டருக்கு ஆசை. அவளுக்கோ அந்த ஊரிலேயே நிச்சயமான ஒருவன் இருக்கிறான். கொலையில் முடிகிறது. நகரத்துக்காரர்கள் கிளம்பிப் போய்விடுகிறார்கள். கிராமம் மிச்சமிருக்கிறது.

திறந்த பொருளாதாரத்தின் முதல் வருடத்தில் வந்த படம் இது என்பதால் அந்தக் குளவிகள் யார் என்று விமர்சகர்கள் எளிதாகச் சொல்லிவிட்டார்கள். அது சரிதான். ஆனால் எனக்கு முக்கியமாகப் படுவது விக்டரின் கூட்டத்தில் இருக்கிற வீரசேன. படித்தவன், மார்க்சியம் தெரிந்தவன். சுரண்டல் பற்றி, வர்க்கம் பற்றி அவன் பொது இடத்தில் நின்று பேசுகிறான். பேச்சில் பிழை ஒன்றும் இல்லை. கேட்கத்தான் ஆளில்லை. அவனே வந்து இறங்கியது முதலாளியின் ஆளாகத்தான் என்பதும் நமக்குத் தெரியும்.

இந்தக் காட்சியில் நான் கீழே ஓடிய ஆங்கில வரிகளைப் படித்துக்கொண்டிருந்தேன். அம்மாயி கேட்டுக்கொண்டிருந்தார். முடிந்ததும் சொன்னார்:

'இந்தப் பேச்ச எங்க தோட்டத்துலயும் கேட்டிருக்கேன் தம்பி. சிங்களத்துலயும் பேசுவாங்க, தமிழ்லயும் பேசுவாங்க. நல்லாத்தான் பேசுவாங்க. பேசி முடிச்சிட்டு ஜீப்புல ஏறிப் போயிருவாங்க.'

பிறகு கொஞ்ச நேரம் கழித்து, 'பாவம், அந்தப் பையனுக்குப் போறதுக்கு ஜீப்புகூட இல்ல' என்றார்.

நான் பல கட்டுரைகள் படித்திருக்கிறேன். இந்தக் காட்சிக்கு இதைவிட நல்ல விளக்கம் எனக்குக் கிடைக்கவில்லை. வீரசேனவைப் பத்திராஜ கேலி செய்கிறார் என்று சொல்பவர்கள் உண்டு. கேலி இருக்கிறது. ஆனால் அவனை நிற்க வைத்துவிட்டுக் காமிரா விலகிவிடவில்லை; அவன் சொல்வது முழுவதையும் கேட்கிறது. பேச்சுக்கும் காதுக்கும் நடுவில் விழுந்துவிட்ட இடைவெளிதான் அங்கே படமாகிறது. சோசலிசத்துக்குப் பிந்தைய நிலை என்பதை நான் இப்படித்தான் புரிந்துகொள்கிறேன். கொள்கை பொய்யாகிவிட்டது என்பது ஒரு விஷயம். சொல் அப்படியே இருந்து, அதைத் தன்னுடையதாகக் கேட்க ஆளில்லாமல் போவது இன்னொரு விஷயம். நம் விவாதங்கள் முதலாவதைப் பற்றியே நடந்தன.

யூகோஸ்லாவிய இயக்குநர் ஷெலிமிர் ஷில்னிக் 1994ல் எடுத்த படம் ஒன்று இங்கே நினைவுக்கு வருகிறது. டிட்டோ வேடம் போட்ட ஒரு நடிகரை பெல்கிரேட் தெருவில் நடக்க விட்டார். டிட்டோ இறந்து பதினான்கு வருடம் ஆகியிருந்தது, நாடு துண்டு துண்டாகப் போய்க்கொண்டிருந்தது. வேடம் என்று தெரிந்தும் ஜனங்கள் நின்று அவரிடம் பேசுகிறார்கள். திட்டுகிறார்கள், முறையிடுகிறார்கள், நீ இருந்தபோது நன்றாக இருந்தது என்கிறார்கள். அங்கே கேட்டுக்கொண்டே இருந்தவர்கள் இப்போது பேசுகிறார்கள். பத்திராஜவின் வீரசேனவுக்கு அப்படி ஒரு பதில் பேச்சும் கிடைக்கவில்லை.

5

இனி 'பொன்மணி' (1977). பத்திராஜ யாழ்ப்பாணப் பல்கலைக்கழக வளாகத்தில் விரிவுரையாளராக இருந்தார். அந்த வளாகம் 1974ல் தொடங்கியது, அதன் முதல் தலைவர் க. கைலாசபதி. சிங்கள மாணவர்களும் சிங்கள ஆசிரியர்களும் யாழ்ப்பாணத்தில் இருந்த அந்த மூன்று வருடம் இன்று நினைத்தால் கனவு மாதிரி இருக்கிறது. 1977 ஆகஸ்டோடு அது முடிந்தது. அந்த இடைவெளியில் எடுக்கப்பட்டது இந்தப் படம். கதை வசனம் காவலூர் ராஜதுரை. யாழ்ப்பாணத்து நாடக, கல்வி வட்டாரங்களைச் சேர்ந்தவர்கள் நடித்தார்கள்.

சீதனம் கொடுக்க முடியாமல் வீட்டில் காத்திருக்கிற அக்கா. தங்கை பொன்மணி சாதி தாண்டிக் காதலிக்கிறாள், வீட்டை விட்டுப் போகிறாள், கொல்லப்படுகிறாள். தமிழ்த் தேசியம் திரண்டுகொண்டிருந்த நேரம், 1976ல் வட்டுக்கோட்டைத் தீர்மானம் ஆகியிருந்த நேரம். அந்த நேரத்தில் ஒரு சிங்களவர் வந்து வெள்ளாள வீட்டின் கதவைத் திறந்து காட்டினால் யார் விரும்புவார்கள்? யாழ்ப்பாணத்து அரங்குகளில் படம் எடுபடவில்லை. எம்.ஜி.ஆர்., சிவாஜி படங்களுக்குப் பழகிய ரசிகர்களுக்கு இந்த மெதுவான படம் ஒத்துவரவில்லை என்பது ஒரு காரணம். ஆனால் அது மட்டுமே காரணம் என்று சொல்லித் தப்பித்துக்கொள்ள முடியாது.

இன்னொரு பக்கமும் கேட்க வேண்டியிருக்கிறது. பெரும்பான்மை இனத்தைச் சேர்ந்த ஒருவர், அவர் எவ்வளவு நல்லவராக இருந்தாலும், சிறுபான்மையினரின் உள்சாதி வன்முறையை அந்தக் கட்டத்தில் படமாக்கலாமா? எனக்கு இதில் ஒரு தீர்ந்த பதில் இல்லை. ஒன்று மட்டும் சொல்லலாம். சிங்களப் படங்களில் அவர் சிங்களச் சமூகத்தை விட்டுவைக்கவில்லை. அதே கண்ணோடுதான் யாழ்ப்பாணத்துக்கும் போனார். நாசூக்காக விலகி நின்று 'உங்கள் பண்பாடு அருமை' என்று பாராட்டியிருந்தால் அதுதான் அவமரியாதை. மேலும் அவர் அங்கே வாழ்ந்து, அந்த ஊர்க்காரர்களோடு சேர்ந்து வேலை செய்தார். காது கொடுத்தார் என்று சொல்லலாம். வீரசேன செய்யாததை அவர் செய்து பார்த்தார்.

ஆனால் எங்கள் வீட்டில் நடந்ததைச் சொல்ல வேண்டும். 'அம்மாயி, இது தமிழ்ப் படம், உங்களுக்குச் சுலபமா இருக்கும்' என்று சொல்லிப் போட்டேன். கால்மணி நேரம் பார்த்தார். முகம் சுருங்கிவிட்டது.

'இவுக பேசுற தமிழு எனக்குப் புடிபடல தம்பி. அந்தச் சிங்களப் படமே தேவல.'

'இதுவும் சிலோன் தமிழ்தானே?'

'அது அவுக தமிழு. எங்கள அவுக தோட்டக்காட்டான்னு சொல்லுவாக. நாங்க யாழ்ப்பாணத்தக் கண்ணால பாத்ததில்ல.'

மொழிதான் அடையாளம் என்று எழுதியும் பேசியும் பழகிப்போன எனக்கு இது ஒரு அடி. மலையகத் தமிழ்ப் பெண்ணுக்கு யாழ்ப்பாணத் தமிழைவிட, சந்தையிலும் ஆஸ்பத்திரியிலும் கேட்டு வளர்ந்த சிங்களம் நெருக்கமாக இருக்கிறது. அதே சிங்களம் பேசியவர்கள்தான் 1977ல் அவருடைய லயத்துக்கு வந்து தட்டுமுட்டுச் சாமான்களை வெளியே எறிந்தார்கள். இரண்டும் சேர்ந்துதான் அவர். இதை எந்த அடையாள அரசியலின் கட்டத்துக்குள் போடுவது?

6

'பொன்மணி', 'பம்பரு அவித்' இரண்டுக்கும் பிறகு வந்தவை இரண்டு முக்கியமான படங்கள். 'பாரதிகே' (1980) தவணை கட்டாதவர்களின் வாகனங்களைப் பறிமுதல் செய்து வரும் வேலை பார்க்கிற இளைஞனைப் பற்றியது. காதலி கருவுற்றிருக்கிறாள், கருக்கலைப்புக்குப் பணம் வேண்டும். 1974ல் வேலையில்லாமல் அலைந்தவனுக்கு 1980ல் வேலை கிடைத்துவிட்டது. என்ன வேலை? இன்னொருவனுடைய வண்டியைப் பிடுங்குகிற வேலை. புதிய பொருளாதாரத்தை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியுமா? அதே 1980 ஜூலையில் நடந்த பொது வேலைநிறுத்தத்தில் சுமார் 40,000 தொழிலாளர்களை அரசு வேலையிலிருந்து தூக்கி எறிந்தது. தொழிற்சங்கம் என்ற சொல்லும் அதோடு கேட்பாரற்றுப் போனது.

'சொல்தாது உன்னஹே' (1981) இரண்டாம் உலகப் போரில் சண்டை போட்ட ஒரு கிழட்டுச் சிப்பாய், ஒரு பாலியல் தொழிலாளி, ஒரு ஜேப்படிக்காரன், ஒரு குடிகாரன் என்ற நான்கு பேர் சுதந்திர தினத்தை ஒட்டிய சில நாட்களைக் கழிப்பது. நாடு கொண்டாடிக்கொண்டிருக்கிறது. இவர்கள் அந்தக் கொண்டாட்டத்தில் எங்கே நிற்பது என்று தெரியாதவர்கள். இவர்களை இணைப்பது சாதியோ மொழியோ கட்சியோ கிடையாது. ஒதுக்கப்பட்டிருப்பது மட்டும்தான். அதே வருடம் மே மாதக் கடைசியில் யாழ்ப்பாண நூலகம் எரிக்கப்பட்டது. 1983 ஜூலை அதிக தூரத்தில் இல்லை.

அதற்குப் பிறகு நீண்ட காலம் பத்திராஜ பெரிய திரைக்கு வரவில்லை. தொலைக்காட்சித் தொடர்கள் எடுத்தார், கற்பித்தார், ஆய்வு செய்தார். பின்னாளில் யாழ்ப்பாணம் போகும் சாலையையும் யாழ்தேவி ரயிலையும் பற்றி ஓர் ஆவணப்படம் எடுத்தார். 1990ல் நின்றுபோன அந்த ரயில் மறுபடி யாழ்ப்பாணத்துக்குப் போனது 2014ல்தான். அதே சமயத்தில் காஃப்காவின் 'உருமாற்றம்' கதையைத் தழுவி 'ஸ்வரூப' எடுத்தார். காலையில் எழுந்தால் குடும்பத்துக்கே அடையாளம் தெரியாமல் போய்விட்ட ஒருவன். பேசினால் அவன் பேச்சு யாருக்கும் புரிவதில்லை. வீரசேன நாற்பது வருடம் கழித்து எப்படி ஆகியிருக்கிறான் பாருங்கள்.

நம் பக்கத்தில் இதற்கு ஒப்பிட ஜான் ஆபிரகாம்தான் இருக்கிறார். கட்டக்கின் மாணவர். வெங்கட் சாமிநாதன் எழுத, 'அக்ரஹாரத்தில் கழுதை'யை 1977ல் தமிழில் எடுத்தவர். அவருடைய 'அம்ம அறியான்' (1986) நக்சலைட் இயக்கம் நசுக்கப்பட்ட பின்னான கேரளம் பற்றியது. தற்கொலை செய்துகொண்ட ஒரு தோழனின் சாவை அவன் அம்மாவிடம் சொல்வதற்காக ஒருவன் வயநாட்டிலிருந்து கொச்சிக்குக் கிளம்புகிறான். வழியில் நண்பர்கள் ஒவ்வொருவராகச் சேர்ந்து சிறு கூட்டமாகிறார்கள். ஒடேஸா என்ற அமைப்பின் மூலம் ஊர் ஊராகப் போய், சாப்ளின் படம் போட்டுக் காட்டி, ஜனங்களிடம் காசு வாங்கி எடுத்த படம் அது. ஜானுக்குத் தோல்வியைச் சொல்ல ஒரு அம்மா இருந்தாள், கேட்கக் காசு கொடுத்த ஜனம் இருந்தது. பத்திராஜவின் உலகத்தில் அந்த அம்மா இல்லை. இலங்கையில் அம்மாக்கள் இரண்டு மொழிகளில் இருந்தார்கள். ஒருத்தியின் சாவுச் செய்தி மற்றவளுக்குப் போய்ச் சேராத வண்ணம் நாடு அமைந்துவிட்டது. அவர் கலைஞராக ஜானைவிடக் குறைந்தவர் என்று இதற்குப் பொருள் இல்லை. அவருக்குக் கிடைத்த சரித்திரம் அப்படி.

7

கடைசியாக ஒரு குறையைச் சொல்லாமல் முடிக்க முடியாது. 1974 முதல் 1981 வரை பத்திராஜ எடுத்த படங்களில் கொழும்பு இருக்கிறது, சிங்களக் கிராமம் இருக்கிறது, கல்பிட்டி இருக்கிறது, யாழ்ப்பாணம் இருக்கிறது. தேயிலைத் தோட்டம் மையத்துக்கு வரவில்லை. இத்தனைக்கும் அவர் கண்டிக்காரர். இலங்கையில் வர்க்கம் என்று ஒன்றைச் சொல்ல வேண்டுமென்றால் முதலில் சொல்ல வேண்டியது தோட்டத் தொழிலாளர்களைத்தான். நாட்டின் அந்நியச் செலாவணியில் பெரும்பங்கு அவர்கள் பறித்த கொழுந்திலிருந்து வந்தது. 1948ல் குடியுரிமை பறித்து, 1964ல் சாஸ்திரியும் சிறிமாவோவும் உட்கார்ந்து இந்தியாவுக்கு 5,25,000, இலங்கைக்கு 3,00,000 என்று பிரித்து, மிச்சமிருந்த 1,50,000 பேரை 1974ல் ஆளுக்குப் பாதியாகப் பங்கு போட்டார்கள். அடையாளம் கட்டமைக்கப்படுகிறது என்று நாம் தத்துவமாகச் சொல்வதை இரண்டு அரசாங்கங்கள் கூட்டல் கழித்தல் கணக்காகவே செய்து முடித்தன. இடதுசாரிகளின் பேச்சிலும் இவர்கள் இல்லை, இடதுசாரிக் கலைஞரின் காமிராவிலும் இல்லை.

அம்மாயியின் அக்கா புருஷன் வீட்டார் இலங்கைப் பிரஜாவுரிமைக்கு மனு போட்டார்கள். இவர் வீட்டார் இந்தியாவுக்குப் போட்டார்கள். அக்கா அங்கே, தங்கை இங்கே. வந்த இடத்திலும் என்ன கிடைத்தது? நீலகிரியில் அரசுத் தேயிலைத் தோட்டத்தில் சிலருக்கு வேலை கிடைத்தது. இந்த மலைக்கு வந்தவர்களில் பலர் முன்பணத்துக்குக் கட்டுப்பட்டுக் காட்டுக்குள் கொத்தடிமைகளாகக் கிடந்தது 1980களில்தான் வெளியே தெரிந்தது. அதிலிருந்து மீண்டு பள்ளங்கிக்கு வந்த அம்மாயி நாற்பது வருடமாக இந்த மண்ணில் பூண்டு போட்டு, களை எடுத்து, பிடுங்கிக் கட்டுக் கட்டியிருக்கிறார். 2019ல் கொடைக்கானல் மலைப்பூண்டுக்குப் புவிசார் குறியீடு கொடுத்தார்கள். பூண்டு இந்த மண்ணைச் சேர்ந்தது என்று சர்க்கார் சான்றிதழ் இருக்கிறது. அதைப் பிடுங்கியவர் இன்னும் சிலோன்காரம்மாதான்.

எனவே பத்திராஜவைக் கைவிட்டுவிடலாம் என்று சொல்ல வரவில்லை. தலைகீழாகத்தான் எனக்குத் தோன்றுகிறது. அவர் படங்களில் அம்மாயி இல்லை. ஆனால் அவர் படங்களை அம்மாயியால் பார்க்க முடிகிறது. வீரசேனவின் பேச்சை அந்தச் சந்தையில் யாரும் கேட்கவில்லை; நாற்பது வருடத்துக்கு மேல் கழித்து, வேறு நாட்டில், ஒரு மலைக்கிராமத்தில், அந்தப் பேச்சு யாரைப் பற்றி இருந்திருக்க வேண்டுமோ அவர் உட்கார்ந்து கேட்டார். கேட்டுவிட்டுப் பதிலும் சொன்னார். கேட்பாரில்லாத இடத்தை மறைக்காமல் காலியாகவே காட்டி வைத்ததால்தான் அங்கே இன்னொருவர் வந்து உட்கார முடிந்தது என்று நினைக்கிறேன். வெற்றிப் பேச்சாக அந்தக் காட்சியை எடுத்திருந்தால், கை தட்டுகிற கூட்டத்தைக் காட்டியிருந்தால், 'நாங்களும் கை தட்டுனோம்' என்று சொன்ன அம்மாயிக்கு அதில் இடம் இருந்திருக்காது.

சோசலிசத்துக்குப் பிறகு என்ன என்று நாம் இன்னும் எழுதிக்கொண்டிருக்கிறோம். யாரைக் கேட்டு எழுதுகிறோம் என்பதையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். 'அடுத்து என்ன படம் தம்பி?' என்று அம்மாயி கேட்டிருக்கிறார். 'சொல்தாது உன்னஹே' மறுபடி போடலாம் என்றிருக்கிறேன். அந்தக் கிழட்டுச் சிப்பாய் அவர் தாத்தா மாதிரியே இருக்கிறாராம்.